பழைய ஒலிமந்திரச் சுவடி ஒன்றைக் கற்பனை உலகுக்கு எப்படி உருவாக்குவது?

கேள்வி இது: மலைநாட்டைக் களமாக வைத்து ஒரு கற்பனை நாவல். அங்கே ஆயிரம் ஆண்டுப் பழைய ஓலைச்சுவடி. ஒலியால் மந்திரம் செய்யும் முறை அதில் இருக்கிறது. நாயகி அதைக் குகையில் கண்டெடுத்து உரக்க வாசிக்கிறாள், பாறை பிளக்கிறது. படித்துப் பார்த்தவர்கள் "நம்பும்படி இல்லை" என்கிறார்கள். நூலில் என்ன இருக்க வேண்டும், எவ்வளவு இருக்க வேண்டும், எந்த மொழியில், மந்திரம் எங்கே தவற வேண்டும்?

பாறை பிளப்பதில் சிக்கல் இல்லை. வாசித்தவுடன் பிளக்கிறதே, அங்கேதான் வாசகர் நழுவுகிறார். ஒலியைப் பற்றிய நூலில் ஒலி இருக்காது. ஓலையில் இருப்பது கீறல். அந்தக் கீறலிலிருந்து சரியான ஒலிக்குப் போக ஒரு வாய் வேண்டும், அந்த வாயைப் பழக்கிய இன்னொரு வாய் வேண்டும். இந்த இடைவெளியை உங்கள் நாவலின் நடுவில் வைத்துவிட்டால், மற்ற எல்லாம் அதிலிருந்தே கிளைத்து வரும்.

இதற்கு நம் கையிலேயே நல்ல முன்மாதிரி இருக்கிறது. தொல்காப்பியத்தின் பிறப்பியல், எழுத்து எப்படிப் பிறக்கிறது என்று சொல்லும் பகுதி. உந்தியிலிருந்து கிளம்பும் காற்று தலை, மிடறு, நெஞ்சு என மூன்று இடங்களில் நின்று, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் என்ற ஐந்தையும் சேர்த்து எட்டு நிலைகளில் எழுத்தாகிறது என்று தொடங்குகிறது. நா எங்கே ஒற்றும், எங்கே வருடும் என்று ஒவ்வொன்றாக அளந்து சொல்கிறது. கடைசியில் ஒரு திருப்பம்: உள்ளே எழுகின்ற காற்றிசையின் அளவைக் கொள்வது அந்தணர் மறையில் உள்ளது, அதை நான் இங்கே சொல்லவில்லை, வெளியே வந்து ஒலிக்கும் காற்றிசையின் அளவை மட்டுமே சொன்னேன் என்று நூலே தன் எல்லையை வரைந்துவிடுகிறது. "அஃதிவண் நுவலாது" என்ற அந்தச் சொல்லாட்சியை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். இலக்கண நூலில் இது வெறும் எல்லைக்குறிப்பு. மந்திர நூலில் இதே வாக்கியம் வந்தால் கதையின் பாதி அதற்குள் இருக்கிறது. நாயகிக்குக் கிடைத்த சுவடி வெளி ஒலியை மட்டும் சொல்லட்டும். உள் ஒலி எங்கே என்று தேடுவதுதான் அவள் பயணம்.

அதே தொல்காப்பியம் செய்யுளியலில் மந்திரத்துக்கு இலக்கணமும் சொல்கிறது: "நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப." இதில் மூன்று நிபந்தனைகள் இருக்கின்றன. சொல்பவர் நிறைமொழியினராக இருக்க வேண்டும், ஆணையாகச் சொல்ல வேண்டும், சொல் மறைமொழியாக இருக்க வேண்டும். உங்கள் உலகத்திலும் இப்படி மூன்றை வைத்து, ஒவ்வொரு காட்சியிலும் எது குறைகிறது என்று நீங்கள் மட்டும் அறிந்திருங்கள். வாசகருக்கு விளக்கத் தேவையில்லை. ஆனால் உங்களுக்கே தெரியாமல் எழுதினால் அது பக்கத்தில் தெரிந்துவிடும்.

அடுத்து அளவு. மந்திரத்துக்கு அலகு இல்லையென்றால் தவறும் இருக்க முடியாது. தவறு இல்லாத மந்திரத்தில் பதற்றமும் இல்லை. தமிழில் அலகு தயாராக இருக்கிறது: மாத்திரை. கண்ணிமைக்கும் நேரம் அல்லது கை நொடிக்கும் நேரம். குறில் 1, நெடில் 2, மெய்யும் ஆய்தமும் குற்றியலுகரமும் ½, மகரக்குறுக்கம் ¼. கை நொடிப்பதையும் நான்காகப் பகுத்து ஒரு பழைய சூத்திரம் உண்டு: "உன்னல் காலே ஊன்றல் அரையே முறுக்கல் முக்கால் விடுத்தல் ஒன்றே." நொடிக்க நினைப்பது கால் மாத்திரை, விரலை விரலோடு ஊன்றுவது அரை, முறுக்குவது முக்கால், விடுத்துச் சத்தம் வருவது ஒன்று. நினைப்புக்கே கால் மாத்திரை கொடுத்திருக்கிறார்கள் பாருங்கள். ஒலி வருமுன்பே முக்கால் பங்கு முடிந்துவிடுகிறது. மந்திரக்காரியின் கை எப்போதும் மடியில் மெல்ல நொடித்துக்கொண்டிருக்கும், பகைவர் முதலில் அவள் கட்டைவிரலைத்தான் ஒடிப்பார்கள் என்று ஒரு விதியை இதிலிருந்தே எடுத்துவிடலாம்.

மாத்திரையை விநாடியோடு கட்டிவிடுங்கள். ஒரு மாத்திரை விநாடியில் மூன்றில் ஒரு பங்கு என்று உங்கள் உலகத்துக்கு வைத்துக்கொள்ளலாம். பழகாத ஒருவர் ஒரே மூச்சில் இழுத்து ஒலிக்கக்கூடியது ஏறக்குறைய 20 விநாடி. அப்படியானால் ஒரு மூச்சுக்கு 60 மாத்திரை. "மூச்சு முறிந்தால் மந்திரம் முறியும்" என்ற ஒரே விதியோடு இதைச் சேர்த்தால், எந்த மந்திரத்தை யார் சொல்ல முடியும், யாரால் முடியாது என்பது தானாகவே கணக்காகிவிடும். காய்ச்சல்காரர், மலை ஏறி வந்தவர், கர்ப்பிணி, அழுகிறவர் எல்லாருக்கும் கணக்கு வேறு.

ஒரு மாதிரி தருகிறேன். உங்கள் நூலின் நூற்பா இந்த நடையில் இருக்கலாம்:

நாவால் எழுவது நாற்பொருள் அசைக்கும்;
நெஞ்சால் எழுவது நெடுமலை அசைக்கும்;
எழாஅது நிற்பது இரண்டையும் தடுக்கும்;
அளபது கூறார் அறிந்திசி னோரே.

நாற்சீரடி, முதல் சீருக்கும் மூன்றாம் சீருக்கும் மோனை, ஏகாரத்தில் முடிவு. இவ்வளவு கட்டு இருந்தாலே பழமையின் சாயல் வந்துவிடும். அகராதியில் தேடிப் பிடித்த கடுஞ்சொற்களைக் குவிக்க வேண்டியதில்லை. பழைய நூற்பாக்களில் பெரும்பாலும் சொல் எளிது, கட்டுமானம்தான் இறுக்கம். இதன் மாத்திரையை எண்ணிப் பாருங்கள். குற்றியலுகரத்துக்கு அரையும் ஐகாரக்குறுக்கத்துக்கு ஒன்றும் கொண்டால், முதல் அடி 17, இரண்டாவது 15½, மூன்றாவதும் நான்காவதும் 16½ வீதம். மொத்தம் 65½. பழகாத மூச்சு 60 மாத்திரையில் தீரும். அதாவது, பழகாத யார் இதை வாசித்தாலும் கடைசி அடியின் "அறிந்" வரை வந்து, "திசினோரே" சொல்லி முடிக்க மூச்சு இருக்காது. ஐந்தரை மாத்திரை குறையும். வேகமாகச் சொன்னால் அளவு கெடும். வேறு வழியில்லை, மூச்சைப் பழக்க வேண்டும்.

இந்த நூற்பாவுக்கு மூன்று உரைகாரர்களை வையுங்கள். மூன்றாம் அடியில் "எழாஅது நிற்பது" என்றால் மௌனம் என்பார் ஒருவர். உள்ளே அடக்கிய மூச்சு என்பார் இன்னொருவர். மூன்றாமவர் அப்படி ஒரு எழுத்தே இருக்கிறது, அதை எழுதக்கூடாது என்பதால் விட்டார்கள் என்பார். மூவரும் ஒருவரை ஒருவர் பெயர் சொல்லாமல் "என்பாரும் உளர், அது பொருந்தாது" என்று மறுப்பார்கள். பழைய உரைகளின் வழக்கம் அது. கதை நடக்கும் காலத்தில் மூன்று உரைக்கும் மூன்று குருகுலங்கள் இருக்கும். ஒரு நூற்பாவில் மூன்று கட்சி. அரசியலைத் தனியாகக் கண்டுபிடிக்க வேண்டியதில்லை.

இனி சுவடி என்ற பொருளுக்கு வருகிறேன். இங்கேதான் பெரும்பாலான கற்பனைக் கதைகள் அலட்சியமாக இருக்கின்றன.

வெப்பமும் ஈரமும் உள்ள நிலத்தில் ஓலை ஆயிரம் ஆண்டு நிற்காது. பூச்சியும் பூஞ்சையும் சேர்ந்து இரண்டு மூன்று நூற்றாண்டுக்குள் முடித்துவிடும். அதனால்தான் படி எடுத்துக்கொண்டே இருந்தார்கள். நேபாளத்தின் குளிரில் ஆயிரம் ஆண்டைத் தாண்டிய ஓலைச்சுவடிகள் உண்டு. ஆகவே உங்கள் மலைநாடு குளிராகவும் வறண்டும் இருந்தால் மூலச்சுவடியே கிடைக்கலாம். ஆனால் அங்கே பனை முளைக்காது. ஓலை சமவெளியிலிருந்து வணிகர் முதுகில் ஏறி வந்திருக்க வேண்டும், அப்படியானால் அதை எழுதியவர்கள் செல்வர்கள். ஈரமான மலை என்றால், நாயகியின் கையில் இருப்பது படியின் படி. 200 ஆண்டுக்கு ஒரு படி என்று வைத்தால், ஆயிரம் ஆண்டில் ஐந்து கைகள். ஐந்து பேரின் அவசரம், ஐந்து பேரின் மங்கிய கண், ஐந்து பேரின் "இது தவறாக இருக்கும், திருத்திவிடுவோம்" என்ற நல்லெண்ணம். கடைசியில் சொன்னதுதான் மிக ஆபத்தானது. புரியாமல் எழுதியவன் பிழையை அப்படியே கடத்துவான். புரிந்ததாக நினைத்தவன் மூலத்தையே அழித்துவிடுவான்.

எழுத்தாணியால் கீறிய ஓலையைக் குகையில் பந்த வெளிச்சத்தில் எடுத்தால் எழுத்து எளிதில் கண்ணுக்குத் தெரியாது. மை தடவாத கீறல் ஓலையின் நிறத்திலேயே இருக்கும். வெளிச்சத்தைப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடிக்க வேண்டும், அல்லது விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துத் தேய்த்து, மேலே இருப்பதைத் துணியால் துடைக்க வேண்டும். கரி கீறலுக்குள் தங்கும், எழுத்து கறுப்பாக எழும். இதற்கு அவளுக்குக் கொஞ்ச நேரமும் கொஞ்சம் கரியும் வேண்டும். எழுத்து ஒவ்வொன்றாகக் கறுத்து வரும் அந்தக் காட்சியை மெதுவாக எழுதுங்கள். பாறை பிளப்பதைவிட வாசகர் மனதில் அது தங்கும்.

அளவுகளையும் முடிவு செய்துகொள்ளுங்கள். ஒரு முழ நீளம், மூன்று விரல் அகலம் உள்ள ஏட்டில் பக்கத்துக்கு 7 வரி, வரிக்கு 45 எழுத்து என்றால் ஏட்டுக்கு இருபுறமும் சேர்த்து 630 எழுத்து. மேலே தந்தது போன்ற நான்கடி நூற்பா ஏறக்குறைய 65 எழுத்து. ஏட்டுக்கு ஒன்பது பத்து நூற்பா அடங்கும். 300 நூற்பா உள்ள நூல் முப்பது சொச்சம் ஏடுகள்தான், கைக்கு அடக்கம். உரை சேர்ந்தால் பத்து மடங்காகி ஒரு ஆள் தூக்கும் கட்டாகும். நூற்பா மட்டும் உள்ள சிறு கட்டு நாயகியிடம், உரையுள்ள பெருங்கட்டு பகைவரிடம் என்று பிரித்தால் ஒருவர் இன்றி இன்னொருவருக்கு ஆகாது. முதல் ஏட்டில் "குரு வாழ்க குருவே துணை" போன்ற ஒரு வரியும், கடைசி ஏட்டில் எழுதியவர் பெயரும் எழுதி முடித்த நாளும் இருக்கட்டும். ஏடுகளின் துளை வழியே கயிறு போகும். கயிறு அறுந்து ஏடுகள் வரிசை மாறியிருந்தால், ஏட்டெண் எழுதாத சுவடியில் எது முன், எது பின் என்று சொல்ல முடியாது.

எழுத்தில் வரும் குழப்பத்தை மிக அருகில் வைத்துக் காட்டுகிறேன். ஓலையில் புள்ளி வைத்தால் ஓலை கிழியும் என்பதால் பெரும்பாலும் புள்ளி வைக்கமாட்டார்கள். எகர ஏகாரமும் ஒகர ஓகாரமும் ஒரே கொம்பில் வரும். இரட்டைச் சுழிக் கொம்பு 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த சீர்திருத்தத்தோடுதான் பரவியது. துணைக்காலும் ரகரமும் ஒன்று போலவே இருக்கும். இப்போது ஏட்டில் 'கொல' என்று ஒரு சொல் இருக்கிறது. அது கொல, கொல், கோல, கோல் என்ற நான்கில் எதுவாகவும் இருக்கலாம். காலை ரகரமாகப் படித்தால் 'கெரல' என்று ஐந்தாவதும் உண்டு. மாத்திரை முறையே 2, 1½, 3, 2½. பொருளோ கொல்வதற்கு, கொன்றுவிடு, அழகிய, ஊன்றுகோல். ஒரே கீறல். நாயகி 'கோல்' என்று படித்து ஊன்றுகோலை எழுப்ப நினைக்கிறாள். அவள் வாயில் நெடில் கொஞ்சம் குறுகினால் ஒரு உயிர் போகும். இதற்கு மேல் மந்திர விபத்துக்கு வேறு காரணம் தேட வேண்டாம். இந்தக் குழப்பம் தமிழ் எழுத்தின் உடம்பிலேயே இருப்பது, தமிழ் வாசகருக்கு உடனே உறைக்கும்.

பொருள் ஒன்றாக இருந்து ஒலியின் ஏற்றம் மட்டும் மாறினாலும் விபத்து வரும். வேத மரபில் இதற்குப் புகழ்பெற்ற கதை உண்டு, பதஞ்சலியின் இலக்கண உரையான மகாபாஷ்யமும் அதைச் சுட்டுகிறது. தன் மகனைக் கொன்ற இந்திரனைப் பழிவாங்க வேள்வி செய்த துவஷ்டா, "இந்திரசத்ருவே, வளர்க" என்கிறான். கடைசி அசையில் ஏற்றம் வந்தால் இந்திரனைக் கொல்பவன் என்று பொருள். முதல் அசையில் வந்தால் இந்திரனால் கொல்லப்படுபவன். அவன் வாயில் ஏற்றம் முதலில் விழுந்துவிட்டது. வேள்வியில் பிறந்த விருத்திரன் இந்திரன் கையில் மாண்டான். எழுத்து ஒன்றுகூட மாறவில்லை என்பதைக் கவனியுங்கள். சுவடியை எவ்வளவு கவனமாகப் படி எடுத்தாலும் இந்தத் தவறைத் தடுக்க முடியாது.

இப்படித் தவறும் என்று தெரிந்த சமூகம் காப்பும் வைத்திருக்கும். உங்கள் உலகத்து அறிஞர்களை முட்டாள்களாக்காதீர்கள், அவர்களுக்கும் இது தெரியும். வேத பாடத்தில் ஜடை என்ற முறையில் சொற்களை 1-2, 2-1, 1-2 என்று முன்னும் பின்னும் பின்னுவார்கள். கனம் என்றால் 1-2, 2-1, 1-2-3, 3-2-1, 1-2-3. பிறகு ஒரு சொல் நகர்ந்து மறுபடி அதே பின்னல். இடையில் உள்ள ஒவ்வொரு சொல்லும் ஜடையில் ஆறு முறையும் கனத்தில் பதின்மூன்று முறையும் வந்துவிடும். ஒரு இடத்தில் நாக்கு பிசகினால் மற்ற இடங்கள் காட்டிக்கொடுக்கும். உங்கள் குருகுலத்துப் பிள்ளைகள் பொருள் தெரியாமல் இப்படிப் பின்னிப் பின்னிச் சொல்லிக்கொண்டு தண்ணீர் எடுக்கப் போகட்டும். சுவடி எரிந்தபின் நூல் பிழைத்திருப்பது அவர்கள் வாயில்.

எழுத்திலேயே காப்பு வைக்க அறச்சலூர் வழி காட்டுகிறது. ஈரோட்டுப் பக்கத்து அந்த மலைக்குகையில், கி.பி. முதல் சில நூற்றாண்டுகளைச் சேர்ந்த தமிழ் பிராமி எழுத்தில் ஐந்துக்கு ஐந்து கட்டமாக ஓசை அசைகள் வெட்டப்பட்டிருக்கின்றன. எழுத்தைப் புணர்த்தவன் மணிய வண்ணக்கன் தேவன் சாத்தன் என்று பெயரும் இருக்கிறது. முதல் வரி "த தை தா தை த". இடமிருந்து வலம், வலமிருந்து இடம், மேலிருந்து கீழ், கீழிருந்து மேல், எப்படிப் படித்தாலும் ஒன்றே. ஆடலுக்கோ தாளத்துக்கோ உரிய அசைகள் என்கிறார்கள். இந்தக் கட்டத்தை உங்கள் நூலுக்கு அப்படியே எடுக்காதீர்கள், அமைப்பை மட்டும் எடுங்கள். அதில் அழகான ஒரு ஓட்டை இருக்கிறது. இப்படி எல்லாத் திசையிலும் ஒத்த 25 கட்டத்தில் மூலை எழுத்து நான்கு இடத்தில் வரும், அதற்கு அடுத்தது எட்டு இடத்தில் வரும், மற்றவை நான்கு நான்கு. எது சிதைந்தாலும் இன்னொரு இடத்திலிருந்து மீட்டுவிடலாம். நட்டநடுக் கட்டம் மட்டும் ஒரே ஒரு இடம். அது போனால் மீட்க வழியே இல்லை. உங்கள் கட்டம் ஏட்டின் நடுவில் எழுதப்பட்டு, பின்னால் வந்த யாரோ கயிறு கோக்கத் துளையிட்டபோது நடு எழுத்து போய்விட்டது என்று வையுங்கள். 24 எழுத்து அவள் கையில், ஒன்று துளையில். அந்த ஒன்று உள் ஒலியாக இருக்கலாம்.

எழுத்து முழுதாகக் கிடைத்தும் ஒலி கிடைக்காமல் போவதற்குக் குடுமியான்மலை சான்று. புதுக்கோட்டை மாவட்டத்தில், ஏறக்குறைய 7ஆம் நூற்றாண்டுப் பாறையில், பல்லவ கிரந்த எழுத்தில் சுரங்கள் நான்கு நான்காக, ஏழு பகுதிகளாக இருக்கின்றன. ஒவ்வொரு சுரத்திலும் அ, இ, உ, எ என்ற நான்கு உயிரில் ஒன்று ஏறி ர, ரி, ரு, ரெ என்று வருகிறது. சில எழுத்துகள்மேல் புள்ளி உண்டு. கீழே தமிழில் "எட்டிற்கும் ஏழிற்கும் இவை உரிய" என்று ஒரு வரி. கல் அழியவில்லை. அந்த உயிரும் புள்ளியும் எதைக் குறிக்கின்றன, அந்த எட்டும் ஏழும் எவை என்பதில் அறிஞர்கள் இன்றும் ஒத்துப்போகவில்லை. மந்திர நூலில் இப்படி ஒரு வரி போதும்; விளக்கம் சொல்லாதீர்கள். கதையில் எதிரெதிர்ப் பாத்திரங்கள் ஆளுக்கொரு எட்டையும் ஏழையும் காட்டட்டும்.

ஒலிக்கட்டுக்கு வருவோம். மந்திரச் சொல் என்றவுடன் "ஹ்ரீம்", "க்லீம்" சாயலில் எழுதத் தோன்றும். அவை உயிருள்ள வழிபாட்டில் இருக்கும் பீஜங்கள், அதாவது வித்து மந்திரங்கள்; கற்பனை உலகில் இரவலாகத் தெரியும். இன்னொரு வழி சொல்கிறேன். தமிழ்ச் சொல் ட, ண, ற, ன, ழ, ள ஆகியவற்றில் தொடங்காது. நம் காதுக்கு அது பிறவியிலேயே தெரியும். உங்கள் உலகத்தின் அன்றாடப் பேச்சு இந்த விதிக்குள் நடக்கட்டும். மந்திரச் சொல் மட்டும் ழகரத்திலோ ணகரத்திலோ தொடங்கட்டும். "ழாமை", "ணூறு" என்று ஒரு சொல் வந்ததும் வாசகர் நாக்கு தடுமாறும், ஏதோ நடக்கப் போகிறது என்று உடம்புக்குத் தெரியும். ஒரு நூலுக்கு ஏழெட்டு மந்திரச் சொல்லுக்கு மேல் வேண்டாம், கூடினால் அச்சம் போய்விடும்.

எழுத்துக்கே நன்மை தீமை உண்டு என்ற எண்ணமும், பிரபந்தங்களுக்கு இலக்கணம் சொல்லும் நம் பாட்டியல் நூல்களில் இருக்கிறது. பிரபந்தத்தின் முதல் சொல்லுக்குப் பத்துப் பொருத்தம் பார்ப்பார்கள். அதில் உண்டிப் பொருத்தம் என்பது முதலெழுத்து அமுத எழுத்தா நச்செழுத்தா என்று பார்ப்பது. நச்செழுத்தில் தொடங்கினால் பாடப்பட்டவனுக்குக் கேடு. அறம் பாடி அழித்த கதைகள் நம்மிடம் நிறைய உண்டு. உங்கள் நூலில் ஒரு முழு இயல் இதற்காக இருக்கலாம். எந்த எழுத்து யாருக்கு நஞ்சு என்ற பட்டியல் ஊர் பேர், குலம், பிறந்த மாதம் பார்த்து மாறட்டும். அண்டை நாடுகளிலும் இதே போன்ற சிந்தனை இருந்தது என்று காட்ட விரும்பினால் வரலாற்றில் சான்று உண்டு: எகிப்தில் கிடைத்த கிரேக்க மந்திரப் பாப்பிரஸ் ஏடுகளில் ஏழு உயிரெழுத்துகளை வரிசை மாற்றி மாற்றி எழுதி, இடையே உதட்டால் சொடக்கு ஒலி எழுப்பு, சீறு என்று குறிப்பும் கொடுத்திருக்கிறார்கள்.

மந்திரம் எங்கே நின்று சொல்லப்படுகிறது என்பதும் நூலில் இருக்க வேண்டும், இங்கே இயற்பியல் உங்களுக்கு இலவசமாக வேலை செய்யும். எதிரெதிரான இரண்டு கற்சுவருக்கு இடையே 1.5 மீட்டர் என்றால், அந்த இடைவெளி ஏறக்குறைய 114 ஹெர்ட்சில் அதிரும். அது ஆண் குரலின் தணிந்த சுரம். பழைய குருக்கள் கட்டிய அறை அவர்கள் குரலுக்கே கட்டப்பட்டிருக்கும். அதில் ஒரு நுட்பம்: அந்தச் சுரத்துக்குச் சுவரை ஒட்டி நின்றால்தான் அறை பதில் தரும், நட்டநடுவில் அழுத்த மாறுதல் இல்லை, எவ்வளவு கத்தினாலும் அறை ஊமை. ஆனால் அதே அறை இரட்டிப்பு அதிர்வான 228 ஹெர்ட்சிலும் அதிரும், அது பெண் குரலுக்கு இயல்பு. அதற்கு நடுவிலும் பலம் உண்டு. ஆகவே நூல் "சுவரைச் சார்ந்து நில்" என்கிறது, ஐநூறு ஆண்டு எல்லாரும் அப்படியே நிற்கிறார்கள், நாயகி தெரியாமல் அறையின் நடுவில் நின்று பாடுகிறாள், அறை முழங்குகிறது. ஒரு எழுத்தையும் மாற்றாமல் அவளுக்கென்று ஒரு வழி கிடைத்துவிட்டது.

குளிரும் கணக்கில் வரும். 30 பாகை செல்சியசில் காற்றில் ஒலி விநாடிக்கு ஏறக்குறைய 349 மீட்டர் போகும். 10 பாகையில் 337. வித்தியாசம் மூன்றரை விழுக்காடு, அரைச் சுரத்தில் பாதிக்கும் மேல். அறையின் அதிர்வும் குழலின் சுரமும் அவ்வளவு தணிந்துவிடும், கட்டிய நரம்பு அப்படித் தணியாது. கோடையில் குழலும் யாழும் சேர்ந்து பலித்த மந்திரம் மார்கழியில் பலிக்காமல் போவதற்கு இது போதுமான காரணம். யாழைத் திருத்திக் கட்ட வேண்டும் என்று அறிந்த ஒருவர் கூட்டத்தில் இருக்க வேண்டும். குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்ற ஏழிசையில் குரலுக்கு இளி இசைகிறதா என்று முதலில் பார்த்துக் கட்டும் ஒரு கிழவர் போதும். அப்படிப்பட்டவர்கள் வரலாற்றிலும் உண்டு: சிலப்பதிகாரத்தின் வரிகளையும் அதன் உரையையும் கையில் வைத்துக்கொண்டு, வழக்கொழிந்த யாழைக் கணக்குப் போட்டு மீட்க முயன்றார் விபுலாநந்த அடிகள், அவரது யாழ் நூல் 1947இல் அரங்கேறியது.

உங்கள் குகைக் காட்சியை இந்த வரிசையில் மாற்றிப் பாருங்கள். கட்டு கிடைக்கிறது, வெற்று ஓலை போலத் தெரிகிறது. கரி தேய்க்கிறாள், எழுத்து எழுகிறது. வாசிக்கிறாள், ஒன்றும் நடக்கவில்லை. மறுபடி வாசிக்கிறாள், 'கோல்' என்ற இடத்தில் தயங்குகிறாள், தூரத்தில் ஏதோ விழுகிறது. அது எது என்று அவளுக்குத் தெரியாது, மறுநாள் ஊருக்குள் போனபின் தெரியும். பயந்து போய் நூற்பாவை மட்டும் எடுத்துக்கொள்கிறாள். நான்காம் அடியில் மூச்சு முறிகிறது. எத்தனை முறை முயன்றாலும் "அறிந்" வரைதான். பாறை பிளப்பதைப் பல அத்தியாயம் தள்ளி வையுங்கள். அதுவரை ஒவ்வொரு நாளும் அவள் ஆற்றங்கரையில் உட்கார்ந்து, கட்டைவிரலை நடுவிரலில் ஊன்றி நொடித்து எண்ணிக்கொண்டு, அந்த ஐந்தரை மாத்திரைக்கான மூச்சைச் சேர்த்துக்கொண்டிருக்கட்டும்.